அரக்கோணத்தில் இருந்து பறக்கும் அமெரிக்க ட்ரோன்: யார் இந்த ஜெனரல் அட்டாமிக்ஸ்? 32,000 கோடி ரூபாய்க்கு இந்தியா வாங்குவது என்ன?

2024 செப்டம்பர் 18. அரக்கோணம் ஐஎன்எஸ் ராஜாளி கடற்படை விமானதளத்தில் இருந்து இயக்கப்பட்டு, கண்காணிப்புப் பணியில் இருந்த ஒரு ட்ரோன் சென்னைக்கு அப்பால் வங்கக்கடலில் விழுந்தது. நடுவானில் தொழில்நுட்பக் கோளாறு ஏற்பட்டதாகவும், அதைச் சரிசெய்ய முடியாததால் பாதுகாப்பான கடல் பகுதிக்குக் கொண்டுபோய் தண்ணீரில் இறக்கியதாகவும் கடற்படை விளக்கம் அளித்தது. உயிர்ச்சேதம் எதுவும் இல்லை. ஆள் இல்லாமல் பறக்கிற விமானம் என்பதால் அதற்கு வாய்ப்பும் இல்லை.

விழுந்தது கல்யாண வீட்டில் வீடியோ எடுக்கப் பறக்கவிடும் ட்ரோன் கிடையாது. இறக்கையின் இந்த முனையில் இருந்து அந்த முனை வரை 24 மீட்டர். சென்னையில் இருந்து தூத்துக்குடிக்குப் பறக்கும் ஏடிஆர் பயணிகள் விமானத்தின் இறக்கை 27 மீட்டர். கிட்டத்தட்ட அதே சைஸ்!

இந்த விபத்து நடந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. அக்டோபர் 15-ம் தேதி, இதே ரகத்தில் 31 ட்ரோன்களை வாங்க இந்தியா கையெழுத்துப் போட்டது. மதிப்பு சுமார் 32,000 கோடி ரூபாய். ட்ரோன்களைத் தயாரிப்பது அமெரிக்காவின் ஜெனரல் அட்டாமிக்ஸ் நிறுவனம்.

யார் இவர்கள்? இவர்களுடைய ட்ரோன் ஏன் இவ்வளவு விலை? அந்த விலைக்கு அது வொர்த்தா? விரிவாகப் பார்க்கலாம்.

பெயரில் ஏன் ‘அட்டாமிக்’?

ட்ரோன் கம்பெனிக்கு அணுவின் பெயர் எப்படி வந்தது என்று பலருக்கும் குழப்பம் வரும். காரணம் சிம்பிள். இது அணு ஆராய்ச்சி நிறுவனமாகத்தான் தொடங்கியது.

1955-ல் ஜெனரல் டைனமிக்ஸ் என்ற பெரிய பாதுகாப்புத்துறை நிறுவனத்தின் ஒரு பிரிவாக, கலிஃபோர்னியாவின் சான் டியாகோவில் இது உருவானது. அணுசக்தியை ஆக்கப்பூர்வமாகப் பயன்படுத்த வேண்டும் என்ற பேச்சு உலகம் முழுக்க ஓங்கியிருந்த காலம் அது. ‘ட்ரிகா’ என்ற சிறிய ஆராய்ச்சி அணு உலையை இவர்கள் வடிவமைத்தார்கள். பல்கலைக்கழகங்களிலும் ஆய்வகங்களிலும் பயன்படும் இந்த உலை, 20-க்கும் மேற்பட்ட நாடுகளுக்குப் போய்ச் சேர்ந்தது.

அதன் பிறகு நிறுவனம் சில எண்ணெய் கம்பெனிகளின் கைக்கு மாறி மாறிப் போனது. திருப்பம் வந்தது 1986-ல். நீல் ப்ளூ, லிண்டன் ப்ளூ என்ற சகோதரர்கள் இதை விலைக்கு வாங்கினார்கள். இருவருக்கும் விமானம் ஓட்டுவதில் அப்படி ஒரு பைத்தியம். கல்லூரி மாணவர்களாக இருந்தபோதே ஒரு குட்டி விமானத்தில் தென் அமெரிக்காவைச் சுற்றி வந்தவர்கள்.

இன்று வரை ஜெனரல் அட்டாமிக்ஸ் பங்குச்சந்தையில் பட்டியலிடப்படாத தனியார் நிறுவனமாகவே இருக்கிறது. ட்ரோன் தயாரிப்பதற்கென்றே ‘ஜெனரல் அட்டாமிக்ஸ் ஏரோநாட்டிக்கல் சிஸ்டம்ஸ்’ என்ற துணை நிறுவனம் 1993-ல் தொடங்கப்பட்டது. சான் டியாகோவுக்குப் பக்கத்தில் உள்ள பாவே என்ற ஊர்தான் இதன் தலைமையிடம்.

வீட்டு கராஜில் பிறந்த ட்ரோன்

ப்ளூ சகோதரர்களிடம் பணமும் ஆர்வமும் இருந்தன. கைவசம் நல்ல டிசைன் இல்லை. அந்த டிசைன் வேறு ஒருவரிடம் இருந்தது. அவர் பெயர் ஆபிரகாம் கரெம்.

பாக்தாதில் பிறந்து இஸ்ரேலில் வளர்ந்த விமானப் பொறியாளர் கரெம், 1970-களின் கடைசியில் அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்தார். அந்தக் காலத்தில் ராணுவ ட்ரோன் என்றாலே சில மணி நேரம்கூடத் தாக்குப்பிடிக்காமல் விழுந்துவிடும் ஒன்று என்ற பெயர்தான். ரொம்ப நேரம் பறக்க வேண்டும், பத்திரமாகத் திரும்பி வர வேண்டும் என்பதே கரெமின் இலக்கு. லாஸ் ஏஞ்சலிஸில் தன் வீட்டு கார் கராஜிலேயே ‘அல்பட்ராஸ்’ என்ற சோதனை ட்ரோனை உருவாக்கினார்.

அமெரிக்க ராணுவ ஆராய்ச்சி அமைப்பான தார்பா அவருக்கு நிதி கொடுத்தது. அடுத்து வந்த ‘ஆம்பர்’ ட்ரோன் தொடர்ந்து 30 மணி நேரத்துக்கும் மேல் பறந்து காட்டியது. ஆனால் ராணுவம் அந்தத் திட்டத்தையே ரத்து செய்துவிட்டது. கரெமின் கம்பெனி திவாலானது.

இங்கேதான் ப்ளூ சகோதரர்கள் உள்ளே வந்தார்கள். 1990-களின் தொடக்கத்தில் கரெமின் டிசைன்கள் ஜெனரல் அட்டாமிக்ஸ் கைக்கு வந்தன. கரெமும் அவருடைய முக்கிய பொறியாளர்களும் அங்கேயே வேலைக்குச் சேர்ந்தார்கள். அவர்களின் ‘நாட் 750’ என்ற ட்ரோனை போஸ்னியா போரை வேவு பார்க்க சிஐஏ பயன்படுத்தியது. அதை இன்னும் பெரிதாக்கி, செயற்கைக்கோள் தொடர்பையும் சேர்த்து உருவானதுதான் ‘பிரிடேட்டர்’. முதலில் பறந்தது 1994 ஜூலையில். அடுத்த ஆண்டே போஸ்னியா வானத்தில் வேலையைத் தொடங்கிவிட்டது.

வேவு பார்த்த ட்ரோன், கொல்லும் ட்ரோன் ஆனது எப்போது?

தொடக்கத்தில் பிரிடேட்டரில் ஆயுதமே கிடையாது. அதன் வேலை பார்ப்பது மட்டும்தான்.

2000-ம் ஆண்டு ஆப்கானிஸ்தானுக்கு மேல் ரகசியமாகப் பறந்த ஒரு பிரிடேட்டர், வெள்ளை உடை அணிந்த உயரமான ஒருவரை வீடியோவில் பிடித்தது. அவர் ஒசாமா பின் லேடனாக இருக்கலாம் என்று அமெரிக்க உளவுத்துறை நம்பியது. பார்க்க முடிந்தது, ஆனால் எதுவும் செய்ய முடியவில்லை. ‘கண் இருக்கு, கை இல்லையே’ என்ற அந்த நிலைமைதான் ட்ரோனில் ஏவுகணையைப் பொருத்தும் வேலையை வேகப்படுத்தியது.

2001 பிப்ரவரியில் பிரிடேட்டரில் இருந்து ஹெல்ஃபயர் ஏவுகணை முதன்முறையாகச் சோதிக்கப்பட்டது. ஏழு மாதத்தில் நியூயார்க் இரட்டைக் கோபுரத் தாக்குதல் நடந்தது. அக்டோபர் 7-ம் தேதி ஆப்கானிஸ்தான் போர் தொடங்கிய முதல் இரவே, ஆயுதம் தாங்கிய பிரிடேட்டர் களத்தில் இருந்தது. 2002 நவம்பரில் ஏமனில் ஒரு காரைத் தாக்கி, அல்கய்தாவைச் சேர்ந்த ஒருவர் உட்பட 6 பேரை அது கொன்றது. போர் அறிவிக்கப்படாத ஒரு நாட்டில் ட்ரோன் மூலம் குறிவைத்துக் கொல்லும் நடைமுறைக்கு அங்கேதான் பிள்ளையார் சுழி போடப்பட்டது.

அடுத்து வந்தது இன்னும் பெரிய ‘எம்க்யூ-9 ரீப்பர்’. பிரிடேட்டர் என்றால் வேட்டையாடும் மிருகம். ரீப்பர் என்றால் அறுவடை செய்பவர். மேற்கத்திய நாடுகளில் கையில் அரிவாளோடு உயிரை எடுக்க வரும் எமனுக்கு அதுதான் பெயர். 2020 ஜனவரி 3-ம் தேதி பாக்தாத் விமான நிலையம் அருகே ஈரான் தளபதி காசிம் சுலைமானியைக் கொன்றது ரீப்பர்தான்.

ஆள் இல்லாத விமானத்தை ஓட்டுவது யார்?

ட்ரோன் தானாகவே பறந்து, தானாகவே முடிவெடுத்துச் சுடும் என்று நினைத்தால் அது தவறு. ரீப்பரை ஓட்ட இரண்டு பேர் வேண்டும். ஒருவர் பைலட். இன்னொருவர் கேமரா, ரேடார் போன்ற சென்சார்களை இயக்குபவர். இருவரும் தரையில், கன்டெய்னர் மாதிரியான ஓர் அறையில் திரைகளுக்கு முன்னால் உட்கார்ந்திருப்பார்கள்.

ட்ரோன் கண்ணுக்கு எட்டும் தொலைவில் இருக்கும்போது நேரடி ரேடியோ அலை போதும். தூரம் போனதும் செயற்கைக்கோள் வழியாகக் கட்டுப்பாடு மாறும். அதனால்தான் அமெரிக்காவின் நெவாடாவில் உட்கார்ந்துகொண்டு ஆப்கானிஸ்தானில் ட்ரோன் ஓட்ட முடிந்தது. ஆனால் இதில் ஒரு சிக்கல். இங்கே பட்டனைத் தட்டி, சிக்னல் செயற்கைக்கோளுக்குப் போய், ட்ரோனுக்கு இறங்கி, அதன் வீடியோ திரும்பி வர ஓரிரு விநாடி தாமதமாகும். ஓடுபாதையில் இறங்கும்போது அந்த ஒரு விநாடியே ஆபத்து. அதனால் டேக் ஆஃப், லேண்டிங் இரண்டுக்கும் மட்டும் விமானதளத்திலேயே தனிக் குழு இருக்கும்.

இந்தியா வாங்கும் எம்க்யூ-9பி ரகத்தில் இந்தப் பிரச்னைக்குத் தீர்வு இருக்கிறது. அதனால் தானாகவே மேலெழும்பவும் தரையிறங்கவும் முடியும்.

இன்னொரு விஷயத்தையும் கவனிக்க வேண்டும். ‘ஆளில்லா விமானம்’ என்று சொன்னாலும் ஆள் நிறையவே தேவை. ஓர் இடத்துக்கு மேல் 24 மணி நேரமும் ஒரு ட்ரோன் சுற்றிக்கொண்டே இருக்க வேண்டுமென்றால், மாற்றி மாற்றிப் பறக்க நான்கு ட்ரோன்கள் வரை வேண்டும். ஷிஃப்டு ஷிஃப்டாக ஓட்டுபவர்கள், வீடியோவை ஆராய்பவர்கள், பழுது பார்ப்பவர்கள் என்று நூற்றுக்கும் மேற்பட்டவர்கள் கீழே வேலை செய்ய வேண்டும். செலவு எங்கே போகிறது என்பது இப்போது புரியும்.

எம்க்யூ-9பி-யில் அப்படி என்ன ஸ்பெஷல்?

எடை: ஆயுதம், எரிபொருள் எல்லாம் சேர்த்து அதிகபட்சம் சுமார் 5,670 கிலோவோடு மேலெழும்பும்.

நேரம்: ஒரே மூச்சில் 40 மணி நேரம் வரை வானத்தில் இருக்கும். திங்கள்கிழமை காலை 6 மணிக்குக் கிளம்பினால் செவ்வாய்க்கிழமை இரவு 10 மணிக்குத் திரும்பலாம். விமானிகள் உள்ளே இருக்கும் விமானத்தை வழக்கமாக இப்படி வேலை வாங்குவது கஷ்டம். மனிதனுக்குத் தூக்கம் வரும்!

உயரம்: 40,000 அடிக்கு மேல். கீழே இருப்பவர்களின் கண்ணுக்கும் தெரியாது, காதுக்கும் கேட்காது.

பார்வை: இதில் உள்ள ஒரு வகை ரேடார், மேகத்தையும் இருட்டையும் தாண்டி தரையைப் படம் பிடிக்கும். கடற்படைக்கான ‘சீ கார்டியன்’ ரகத்தில், சுற்றிலும் 360 டிகிரி கடலைத் துழாவும் ரேடாரும் உண்டு. தரைப்படை, விமானப்படைக்கு வருவது ‘ஸ்கை கார்டியன்’.

ஆயுதம்: 2024 பிப்ரவரியில் அமெரிக்க நாடாளுமன்றத்துக்குத் தெரிவிக்கப்பட்ட பட்டியலில், இந்த ட்ரோன்களோடு 170 ஹெல்ஃபயர் ஏவுகணைகளும், லேசர் வழிகாட்டும் 310 சிறிய ரக குண்டுகளும் இருந்தன.

ஆனால் வேகத்தில் இது ஆமைதான். மணிக்கு 400 கிலோமீட்டருக்கும் குறைவு. பயணிகள் ஜெட் விமானத்தில் பாதி வேகம்கூட இல்லை. இந்த பலவீனம் ஏன் முக்கியம் என்று கீழே பார்ப்போம்.

அரக்கோணத்துக்கு எப்படி வந்தது?

இந்திய கடற்படை இந்த ட்ரோனைப் பல ஆண்டுகளாகவே கேட்டு வந்தது. 2017-ல் ஆயுதம் இல்லாத 22 ட்ரோன்களைத் தர அமெரிக்கா சம்மதித்தது. அதற்கு முன்பு ஏன் தரவில்லை? எம்டிசிஆர் என்ற சர்வதேச ஏவுகணைக் கட்டுப்பாட்டு ஏற்பாடுதான் தடை. 500 கிலோ எடையைச் சுமந்து 300 கிலோமீட்டர் போகக்கூடிய ட்ரோன்களை அது ஏவுகணைகளுக்குச் சமமாகவே வைத்திருந்தது. 2016-ல் இந்தியா அந்த அமைப்பில் உறுப்பினரானது. 2020-ல் மெதுவாகப் பறக்கும் ட்ரோன்களுக்கான விதியை அமெரிக்காவும் தன் பங்குக்குத் தளர்த்தியது. கதவு திறந்தது.

2020 நவம்பரில் இரண்டு சீ கார்டியன்களைக் கடற்படை குத்தகைக்கு எடுத்தது. அப்போது லடாக்கில் சீனாவோடு பதற்றம் உச்சத்தில் இருந்த நேரம். ட்ரோன்கள் ஐஎன்எஸ் ராஜாளியில் நிறுத்தப்பட்டன. மிக நீளமான ஓடுபாதை கொண்ட இந்தத் தளத்தில்தான் பி-8ஐ என்ற நீர்மூழ்கி வேட்டை விமானங்களும் இருக்கின்றன. ராஜாளி பறவையின் பெயர் கொண்ட தளத்துக்குப் பொருத்தமான விருந்தாளிதான்.

முதல் இரண்டு ஆண்டுகளிலேயே இந்த ட்ரோன்கள் 10,000 மணி நேரம் பறந்துவிட்டதாக நிறுவனம் அறிவித்தது. சராசரியாகக் கணக்குப் போட்டால், பாதி நேரத்துக்கும் மேல் ஏதாவது ஒரு ட்ரோன் வானத்திலேயே இருந்திருக்கிறது என்று அர்த்தம்.

2024 ஜனவரியில் சோமாலியா அருகே ‘லீலா நார்ஃபோக்’ சரக்குக் கப்பல் கடத்தல்காரர்களிடம் சிக்கியபோது, மேலிருந்து கண்காணித்தவற்றில் இந்த ட்ரோனும் ஒன்று. ஐஎன்எஸ் சென்னை போர்க்கப்பலின் கமாண்டோக்கள் உள்ளே இறங்கி, 15 இந்தியர்கள் உட்பட 21 பேரையும் பத்திரமாக மீட்டார்கள்.

31 ட்ரோன், 32,000 கோடி: கணக்கு என்ன?

யாருக்கு எத்தனை? கடற்படைக்கு 15, தரைப்படைக்கு 8, விமானப்படைக்கு 8. அரக்கோணம், குஜராத்தின் போர்பந்தர், உத்தரப் பிரதேசத்தின் சர்சாவா, கோரக்பூர் ஆகிய இடங்களில் இருந்து இயக்குவது திட்டம்.

32,000 கோடியை 31-ஆல் வகுத்தால் ஒரு ட்ரோனுக்கு ஆயிரம் கோடிக்கு மேல் வருகிறது. ‘என்னது, ஒண்ணு ஆயிரம் கோடியா?’ என்று வாய் பிளக்க வேண்டாம். அந்தக் கணக்கு முழுசாகச் சரியில்லை. மொத்தத் தொகையில் தரைக் கட்டுப்பாட்டு நிலையங்கள், உதிரி பாகங்கள், பயிற்சி, பல ஆண்டு பராமரிப்பு எல்லாமே அடக்கம். வெறும் விமானத்தின் விலை அதைவிட நிச்சயம் குறைவு.

அதற்காகக் கேள்வியே இல்லை என்று சொல்லிவிட முடியாது. 2023 ஜூனில் பிரதமர் மோடியின் அமெரிக்கப் பயணத்தையொட்டி இந்தக் கொள்முதலுக்கு முதல்கட்ட ஒப்புதல் கிடைத்தது. மற்ற நாடுகள் கொடுப்பதைவிட இந்தியா அதிக விலை கொடுக்கிறது என்று காங்கிரஸ் குற்றம்சாட்டியது. அமெரிக்கா சொன்ன உத்தேச மதிப்பு 307 கோடி டாலர், விலையும் நிபந்தனையும் இன்னும் இறுதியாகவில்லை, மற்ற நாடுகளோடு ஒப்பிட்டுத்தான் பேசுவோம் என்று பாதுகாப்பு அமைச்சகம் பதில் சொன்னது. கடைசியில் கையெழுத்தானபோது மதிப்பு பராமரிப்பையும் சேர்த்து சுமார் 350 கோடி டாலர்.

ஒப்பந்தம் இரண்டு பகுதி. ட்ரோன்களை வாங்குவது அமெரிக்க அரசு வழியாக. பராமரிப்பு ஒப்பந்தம் ஜெனரல் அட்டாமிக்ஸின் இந்தியக் கிளையோடு. பெரிய பழுது என்றால்கூட அமெரிக்காவுக்குத் தூக்கிக்கொண்டு ஓடாமல், இந்தியாவிலேயே பார்க்கும் வசதி வர வேண்டும் என்பது இதன் நோக்கம்.

அரசு வழியாக வாங்குவதில் ஒரு லாபம் உண்டு: இடைத்தரகர் பேச்சுக்கு இடம் குறைவு. ஒரு கட்டுப்பாடும் உண்டு: வாங்கியதை எப்படிப் பயன்படுத்துகிறோம் என்பதில் அமெரிக்க அரசின் நிபந்தனைகள் கூடவே வரும். உதிரி பாகத்துக்கும் மென்பொருளுக்கும் நாளைக்கும் அவர்கள் வாசலில்தான் நிற்க வேண்டும்.

நாமே செய்ய முடியாதா?

முயற்சி நடக்காமல் இல்லை. பெங்களூருவில் உள்ள டிஆர்டிஓ ஆய்வகம், ‘ருஸ்தம்-2’ என்றும் பிறகு ‘தபஸ்’ என்றும் அழைக்கப்பட்ட ட்ரோனைப் பல ஆண்டுகள் உருவாக்கியது. 2016-ல் முதல் முறை பறந்தது. 30,000 அடி உயரத்தில் 24 மணி நேரம் பறக்க வேண்டும் என்பது ராணுவத்தின் எதிர்பார்ப்பு. தபஸ் எட்டியது 28,000 அடியும் 18 மணி நேரமும். 2024 தொடக்கத்தில் அது முன்னுரிமைத் திட்டப் பட்டியலில் இருந்து நீக்கப்பட்டது.

2,000 அடியும் 6 மணி நேரமும்தானே குறை என்று தோன்றலாம். ஆனால் ட்ரோன் டிசைனில் கடைசி 2,000 அடிதான் ரொம்பக் கஷ்டம். மேலே போகப் போகக் காற்று மெலிந்துகொண்டே வரும். இன்ஜின் திணறும். இறக்கைக்குத் தூக்கும் சக்தி குறையும். உடல் எடை ஒவ்வொரு கிலோவும் பாரமாகும். கரெம் கராஜில் தொடங்கியதில் இருந்து ரீப்பர் போருக்குப் போகும் வரை ஜெனரல் அட்டாமிக்ஸ் தரப்புக்குமே கால் நூற்றாண்டு ஆனது. இடையில் ஒரு கம்பெனி திவால், ஒரு திட்டம் ரத்து. தோல்விக்குப் பிறகும் அந்தப் பொறியாளர்களையும் டிசைனையும் ஒருவர் விடாமல் பிடித்துக்கொண்டதுதான் வித்தியாசம்.

துருக்கி இன்னோர் உதாரணம். அமெரிக்காவிடம் ஆயுத ட்ரோன் கேட்டது, கிடைக்கவில்லை. பேகார் என்ற துருக்கி நிறுவனம் உருவாக்கிய டிபி-2 ட்ரோன் இப்போது 30-க்கும் மேற்பட்ட நாடுகளுக்கு விற்பனையாகிறது. திறனில் ரீப்பருக்குப் பக்கத்தில் வராது. விலையிலும் பக்கத்தில் வராது. பல மடங்கு மலிவு.

இதைச் சுட்டு வீழ்த்த முடியுமா?

முடியும். இதுதான் இப்போதைய பெரிய கேள்வி.

ஆப்கானிஸ்தானிலும் ஈராக்கிலும் ரீப்பர் ராஜாவாக வலம் வந்ததற்குக் காரணம், கீழே இருந்தவர்களிடம் வான் பாதுகாப்பு ஆயுதமே இல்லை. எதிரியிடம் ஏவுகணை வந்ததும் கதை மாறியது. 2025 மார்ச், ஏப்ரலில் ஆறு வாரங்களுக்குள் ஏமனின் ஹூத்திகள் 7 ரீப்பர்களைச் சுட்டு வீழ்த்தினார்கள். இழப்பு 20 கோடி டாலருக்கு மேல். 2023 மார்ச்சில் கருங்கடலுக்கு மேல் ரஷ்ய சு-27 போர் விமானம் ஒன்று ரீப்பரின் பின்பக்க விசிறியில் மோத, அதைக் கடலில் இறக்க வேண்டியதாயிற்று. வேகமாகத் தப்பிக்கவும் முடியாது, மறைந்துகொள்ளவும் முடியாது என்பதுதான் இதன் பலவீனம்.

அமெரிக்க விமானப்படையே புதிய ரீப்பர்களுக்கு ஆர்டர் தருவதை நிறுத்திச் சில ஆண்டுகள் ஆகின்றன.

மறுபக்கம் உக்ரைன் போர். சில பத்தாயிரம் ரூபாய் விலையுள்ள குட்டி ட்ரோன்கள், பல கோடி ரூபாய் டாங்குகளை உடைக்கின்றன. 2025 மே மாதம் இந்தியாவே இதைப் பார்த்தது. ஒரே இரவில் 36 இடங்களில் 300 முதல் 400 ட்ரோன்களை பாகிஸ்தான் அனுப்பியதாக இந்திய அரசு தெரிவித்தது. எண்ணிக்கையால் திணறடிப்பதுதான் அந்தப் போர்முறை.

அப்படியென்றால் 32,000 கோடி வீணா? அது எங்கே பயன்படுத்துகிறோம் என்பதைப் பொறுத்தது. பாகிஸ்தானிடமும் சீனாவிடமும் நீண்டதூர வான் பாதுகாப்பு ஏவுகணைகள் இருக்கின்றன. போர் வெடித்தால் அந்த எல்லைகளைத் தாண்டி ரீப்பர் ரக ட்ரோனை அனுப்புவது பெரிய ரிஸ்க். இந்தியப் பெருங்கடல் அப்படியல்ல. அங்கே தேவை பொறுமை. ஆயிரம் கிலோமீட்டர் கடலில் எந்தக் கப்பல் எங்கே போகிறது, எது திடீரென சிக்னலை அணைக்கிறது என்று மணிக்கணக்கில் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். குட்டி ட்ரோனால் அது ஆகாது. 31-ல் கிட்டத்தட்ட பாதி, அதாவது 15 ட்ரோன் கடற்படைக்குப் போவதன் காரணம் இதுதான்.

தவறு நடந்தால் யார் பொறுப்பு?

விலை, உயரம், வேகம் எல்லாவற்றையும் தாண்டிய ஒரு கேள்வி இது.

2021 ஆகஸ்ட் 29. காபூலை விட்டு அமெரிக்கப் படை வெளியேறிக்கொண்டிருந்த கடைசி நாட்கள். வெடிகுண்டு இருப்பதாக நினைத்து ஒரு வெள்ளை நிற காரை ரீப்பர் தாக்கியது. இறந்தது 10 பொதுமக்கள். அதில் 7 பேர் குழந்தைகள். காரில் இருந்தவை தண்ணீர் கேன்கள். பயங்கரவாதி என்று கருதப்பட்டவர், ஓர் அமெரிக்க உதவி நிறுவனத்தில் வேலை பார்த்தவர். முதலில் தாக்குதலை நியாயப்படுத்திய பென்டகன், சில வாரங்களில் தவறு என்று ஒப்புக்கொண்டது. யாருக்கும் தண்டனை இல்லை.

அந்த காரை ட்ரோன் மணிக்கணக்கில் பின்தொடர்ந்தது. படம் தெளிவாகவே இருந்தது. படத்துக்கு மனிதர்கள் கொடுத்த அர்த்தம்தான் தவறிப்போனது. கேமரா எவ்வளவு நல்லதாக இருந்தாலும் இந்த ஆபத்து குறையாது. ‘நல்லாத்தான் தெரியுதே’ என்ற நம்பிக்கையே சில நேரம் ஆளைக் கவிழ்க்கும்.

2009 முதல் 2015 வரை போர்க்களங்களுக்கு வெளியே நடந்த 473 தாக்குதல்களில் 64 முதல் 116 பொதுமக்கள் இறந்ததாக 2016-ல் ஒபாமா அரசு கணக்குச் சொன்னது. உண்மையான எண்ணிக்கை இதைவிடப் பல மடங்கு அதிகம் என்று சுயாதீன ஆய்வு அமைப்புகள் மறுத்தன.

சட்டப்படி, சுடும் முடிவை எடுப்பது ராணுவம். தயாரிப்பு நிறுவனம் அந்தப் பழியைச் சுமப்பதில்லை. ஆயுதம் தாங்கிய இந்த ரக ட்ரோன் இந்திய ராணுவத்தின் கைக்கு வரும்போது, சுடும் உத்தரவை யார் தருவார், தவறினால் யார் விசாரிப்பார், நாடாளுமன்றத்துக்கு எவ்வளவு சொல்லப்படும் என்ற கேள்விகளும் சேர்ந்தே வரும்.

அடுத்து என்ன?

ஜெனரல் அட்டாமிக்ஸ் அடுத்த கட்டத்துக்குப் போய்விட்டது. போர் விமானத்தோடு ஜோடியாகப் பறந்து சண்டை போடும் ‘ஒய்எஃப்க்யூ-42ஏ’ என்ற ஜெட் ட்ரோன், 2025 ஆகஸ்டில் முதன்முறையாகப் பறந்தது. மனித விமானி முன்னால் இருக்க, ஆபத்தான வேலையை ட்ரோன் செய்யும் என்பது இதன் கணக்கு.

இந்தியாவுக்கான 31 ட்ரோன்களின் வருகை 2029-ல் தொடங்க வேண்டும். அதற்குள் மூன்று விஷயங்களைக் கவனிக்க வேண்டியிருக்கிறது. ஒன்று, இந்தியாவில் பராமரிப்பு மையம் சொன்னபடி வருகிறதா? இரண்டு, அதன் மூலம் இங்குள்ள பொறியாளர்கள் கற்றுக்கொள்வது வெறும் ஸ்க்ரூ முடுக்கும் வேலையா, டிசைன் ரகசியமா? மூன்று, தபஸில் கிடைத்த அனுபவம் அடுத்த உள்நாட்டு ட்ரோனுக்குப் போய்ச் சேருமா, அலமாரியில் தூங்குமா?

32,000 கோடிக்கு 31 கண்கள் கிடைத்துவிடும். அந்த மூன்று கேள்விக்கும் ‘ஆம்’ என்று பதில் வந்தால்தான், 2040-களில் அடுத்த ட்ரோனுக்காக மறுபடியும் கலிஃபோர்னியாவுக்கு செக் அனுப்பும் நிலை வராது.